தனியே ஆடும் குவேக்கா

துக்கத்திலே ஒப்பாரி வைப்பது நம் வழக்கம். சிலி நாட்டுப் பெண்கள் சிலர் துக்கத்தை ஆடிக் காட்டினர்.

குவேக்கா அந்நாட்டுக் கிராமிய நடனம். ஆணும் பெண்ணும் எதிரெதிரே நின்று, கைலேஞ்சியை வீசிச் சுற்றிச் சுற்றி ஆடுவர். சேவல் பேட்டைச் சுற்றுவது போலென்பர்.

1973இல் ஜெனரல் பினோசே ஆட்சியைக் கைப்பற்றினார். பிடித்துச் செல்லப்பட்டோரில் ஆயிரத்துக்கு மேற்பட்டோர் திரும்பவேயில்லை. சடலமுமில்லை, கல்லறையுமில்லை. இறந்தோருக்கான பூசை ஒப்புக்கொடுப்பதா, இன்னும் காத்திருப்பதா? கர்தினால் றவுல் சில்வா 1976இல் நிறுவிய ஒருமைப்பாட்டுப் பணியகம் இக்குடும்பங்களுக்குத் துணைநின்றது.

1978 மார்ச் 8, அனைத்துலக மகளிர் தினத்தன்று, தலைநகர் சந்தியாகோவிலே அப்பெண்கள் மேடையேறினர். கறுப்புப் பாவாடை, வெள்ளைச் சட்டை, நெஞ்சிலே காணாமற்போனவரின் படம். (நம் தாய்மாருக்கும் இது புதிதல்ல.) ஒருத்தி மட்டும் ஆடினாள். அடிகள் இருவருக்குரியவையே, ஒன்றையும் அவள் குறைக்கவில்லை. துணைவன் நிற்கவேண்டிய இடத்தைச் சுற்றி வந்தாள். அந்த வெற்றிடத்தை நோக்கியே கைலேஞ்சியை அசைத்தாள். அங்கே யார் இல்லை என்பதைச் சபையோர் கண்ணாரக் கண்டனர்.

மறு ஆண்டிலே, 1979இல், அதே இராணுவ அரசு குவேக்காவைத் தேசிய நடனமாக்கிற்று!

1990இல் ஆட்சி மாறியது. பலரின் எலும்புகூட இன்னும் கிடைக்கவில்லை. பெண்கள் இன்றும் தனியே ஆடுகின்றனர்.