புரவி செய்யும் தம்பிக்கு



போன புரவியெடுப்பில் அய்யனாருக்கு வைத்த மண்குதிரைக்கு அதற்குள் காது உதிர்ந்துவிட்டது, இனி சிமெண்டுக்கே மாறிவிடலாமா என்று கேட்டு எழுதியிருந்தாய். ஒன்று, சூளையில் வேக்காடு போதவில்லை. இல்லையென்றால் காதை ஒட்டும்போதே உடம்பு காய்ந்திருக்கும். அதைத் திருத்திக்கொள்ளலாம். செய்தது அழிகிறதே என்பதுதான் வருத்தமென்றால், அதற்கு எந்தச் சூளையிலும் மருந்து கிடையாது.

புதுக்கோட்டை, சிவகங்கைப் பக்கத்து அய்யனார் கோயில்களைப் பார்த்திருப்பாய். கண் திறந்து, வேளார் தெருவிலிருந்து தூக்கிப்போய் இறக்கிவிட்டால் நேர்த்திக்கடன் தீர்ந்தது. பழைய குதிரையை யாரும் ஒட்டவைப்பதில்லை. கால் போனதும் தலை போனதும் அங்கேயே குவிந்து கிடக்கும். ஊரார் அடுத்த குதிரை செய்யச் சொல்லிப் பிடிமண்ணோடு வந்து நிற்பார்கள். உன் தாத்தா கைக்கு வந்த பிடிமண் உன் கைக்கும் வருகிறதே, அவர் செய்த குதிரை இன்னும் நின்றிருந்தால் வருமா?

நம்மவர் செய்ததில் நெடுநாள் தங்கியது, யாரும் பார்க்காமல் புதைத்த ஈமத்தாழிதான். ஆதிச்சநல்லூரில் 2004ஆம் ஆண்டு தொடங்கிய அகழாய்வில் மட்டும் 150க்கு மேல் கிடைத்தன. புறநானூற்று 256ஆம் பாட்டில் கணவனைப் பறிகொடுத்த ஒருத்தி, தனக்கும் இடமிருக்கும்படி தாழியை அகலமாக வனையச் சொல்லிக் குயவனிடம் கேட்கிறாள். பாடியவர் பெயரும் நமக்கு மிஞ்சவில்லை. 228ஆம் பாட்டில் இறந்தவன் கிள்ளிவளவன். அவன் பெருமைக்கு ஏற்ற தாழியை இந்தக் குயவன் எப்படிச் செய்யப்போகிறான் என்று ஐயூர் முடவனார் இரங்குகிறார். அரசன் சாவிலும் வனைகிறவன் படும் பாட்டை நினைத்தாரே, அதற்காகவே எனக்கு அவரைப் பிடிக்கும்.

மண்ணோடு மண்ணாகிவிடும் என்பார்கள். சுட்ட மண் அத்தனை சுலபமாக மறுபடி களிமண் ஆவதில்லை. குதிரை போனாலும் ஓடு கிடக்கும். அதன் உடைந்த விளிம்பு நடுவில் கறுத்திருக்கிறதா, முழுக்கச் சிவந்திருக்கிறதா என்று பார்த்தே வேக்காட்டைச் சொல்லிவிடலாம். யார் செய்தது என்று தெரியாது; எப்படிச் செய்தான் என்பது தெரியும். எப்படியும் உடையப்போவதுதானே என்று மணலையும் உமியையும் கண்ணளவில் அள்ளிப்போடுகிற வேலை வேண்டாம்.

சிமெண்டுக் குதிரைதான் வேண்டும் என்று வருபவர்களிடம் சண்டை பிடிக்காதே. நல்ல கொத்தனார் பெயரைச் சொல்லி அனுப்பு. அவருக்கும் பிழைப்பு நடக்க வேண்டுமே.

அன்புடன்,
அண்ணன்