நூற்றுவீதக் கணக்கு: எது நூறு?



60 பவுணில் 20 வீதம் எவ்வளவு என்று கேட்டால், 12 பவுண் என்று எமது பிள்ளைகள் உடனே சொல்லிவிடுவார்கள். அதே கணக்கு வசனமாக வரும்போதுதான் தடுமாற்றம். குறிப்பாக, மாற்றத்துக்கு முந்திய தொகையைக் காணும் கணக்குகள். இவை இங்கிலாந்துப் பாடத்திட்டத்தில் 7ஆம் ஆண்டு முதல் 9ஆம் ஆண்டு வரையான பகுதியில் உள்ளன, ஜீ.சி.எஸ்.ஈ. பரீட்சையிலும் வருகின்றன.

ஓர் உதாரணம் பார்ப்போம். மலிவு விற்பனையில் 20 வீதம் கழித்து ஒரு சோடி சப்பாத்து 48 பவுணுக்கு விற்கப்படுகிறது. முந்திய விலை என்ன?

பலர் 48இல் 20 வீதத்தைக் கண்டு, அதைக் கூட்டி 57.60 என்று எழுதுவர். இது தவறு. கழிவு கொடுக்கப்பட்டது 48இல் அல்ல, பழைய விலையில். ஆகவே மூன்று படிகளை மனத்தில் வைப்போம்.

1. எது நூறு? இங்கே பழைய விலையே 100 வீதம்.
2. தெரிந்த தொகை எத்தனை வீதம்? 100 – 20 = 80 வீதம்.
3. ஒரு வீதம் எவ்வளவு? 48 ÷ 80 = 0.60. நூறு வீதம் 60 பவுண்.

சரிபார்ப்போம்: 60இல் 20 வீதம் 12; 60 – 12 = 48. சரி.

வற் வரியும் இப்படித்தான். 2011 ஜனவரி 4 முதல் பொது வீதம் 20. வரியுடன் 120 பவுண் கொடுத்தால் வரி 24 அல்ல, 20 பவுண். 120 என்பது 120 வீதம் அல்லவா?

இனி ஆலயத்தோடு சேர்ந்த ஒரு கணக்கு. கிஃப்ட் எய்ட் படிவத்தில் கையொப்பமிட்டுக் கொடுக்கும் நன்கொடையில், ஒவ்வொரு பவுணுக்கும் 25 பென்ஸை அறநிலையம் அரசிடமிருந்து பெறலாம். அடிப்படை வருமான வரியோ 20 வீதம். பிறகு 25 எங்கிருந்து வந்தது என்று பிள்ளைகள் கேட்பார்கள்.

100 பவுண் உழைப்பில் 20 பவுண் வரி போனால் கையில் மிஞ்சுவது 80. அந்த 80ஐ நாம் கொடுக்கிறோம்; அரசு 20ஐத் திருப்பி அறநிலையத்துக்குக் கொடுக்கிறது. அந்த 20 பவுண், 100இல் 20 வீதம்; 80இல் 25 வீதம். இரண்டும் சரியே. மாறியது எது நூறு என்பதுதான்.

ஆனால் ஒன்றை மறக்கக்கூடாது. கோரப்படும் தொகைக்குக் குறையாத வரியை, அந்த வரி ஆண்டில் நன்கொடையாளர் இந்நாட்டில் செலுத்தியிருக்க வேண்டும். இல்லையேல் குறைவதை அவரே செலுத்த நேரிடும். பொருளுக்கோ சேவைக்கோ கொடுக்கும் பணமும் இதில் சேராது. ஆகவே படிவத்தில் ஒப்பமிடுமுன் கணக்கை அறிந்திருப்பது பெரியவர்களுக்கும் நல்லது.

பயிற்சி

1. 30 வீதம் கழித்து ஒரு மேலங்கி 56 பவுண். பழைய விலை என்ன?
2. 2007இல் அடிப்படை வரி 22 வீதம். அன்று 39 பவுண் நன்கொடைக்கு அரசிடமிருந்து எவ்வளவு கோரலாம்?
3. 100 பவுண் விலை முதலில் 10 வீதம் கூடி, பின்பு 10 வீதம் குறைந்தால் எவ்வளவு?

விடைகள்: 80 பவுண், 11 பவுண், 99 பவுண்.

மூன்றாவதில் விடை ஏன் 100 அல்ல என்பதைப் பிள்ளைகளே வீட்டில் சொல்லிக் காட்டட்டும். சொல்ல முடிந்தால் பாடம் விளங்கிவிட்டது என்று கொள்ளலாம்.