அரண்மனையில் கரைந்த பேச்சு



பேச்சு சரியாகக் கேட்கவில்லை என்றால் நாம் என்ன செய்கிறோம்? "இன்னும் உரத்துச் சொல்லுங்கள்" என்கிறோம். இது எப்போதும் பயன் தருமா? பல ஆண்டுகளாக இயற்பியல் பாடம் நடத்திவரும் நானே இந்தக் கேள்வியில் ஒரு முறை தவறினேன். அந்தத் தவற்றைத் திருத்தியவர் ஒரு மாணவர். அந்தக் கதையோடு இந்தப் பாடத்தைத் தொடங்குவோம்.

திருவண்ணாமலையிலிருந்து நாற்பது மாணவர்களை அழைத்துக்கொண்டு மதுரை திருமலை நாயக்கர் மகாலைக் காணச் சென்றிருந்தேன். 1623 முதல் 1659 வரை ஆண்ட திருமலை நாயக்கர், 1636-இல் கட்டிய அரண்மனை அது. இன்று நாம் காண்பது அன்றிருந்த மாளிகையின் ஒரு பகுதியே. அவருடைய பேரர் சொக்கநாத நாயக்கர் காலத்தில் பல பகுதிகள் பிரிக்கப்பட்டு, தலைநகரான திருச்சிக்குக் கொண்டு போகப்பட்டன. எஞ்சியதைப் பழுது பார்த்துக் காத்தவர், 1866 முதல் 1872 வரை சென்னை மாகாண ஆளுநராக இருந்த நேப்பியர் பிரபு. இதன் கட்டட அமைப்பை வகுத்தவர் ஓர் இத்தாலியர் என்று ஒரு செய்தியும் வழங்கி வருகிறது. நம் நாட்டுப் பாணியும், ஐரோப்பிய மறுமலர்ச்சிக் கால மாளிகைகளை நினைவூட்டும் வளைவுகளும் இங்கே கைகோத்து நிற்கின்றன.

முற்றத்தைக் கடந்து சொர்க்க விலாசத்தில் நுழைந்தோம். மூன்று பேர் கைகோத்தால்தான் சுற்றிப் பிடிக்கக்கூடிய பருத்த தூண்கள். தலைக்கு மேல், உத்தரமோ இரும்போ தாங்காமல், செங்கல்லும் சுண்ணாம்புச் சாந்துமாக எழும்பி நிற்கும் பெரிய கவிகை மாடம். நான் மாடத்தின் கீழே நின்று விளக்கத் தொடங்கினேன். பின்வரிசையில் காது கேட்கும் கருவி அணிந்த மாணவர் ஒருவர் நின்றிருந்தார். அவர் முகத்தைப் பார்த்து, "கேட்கவில்லையா?" என்று கேட்டுக் குரலை உயர்த்தினேன். மேலும் உயர்த்தினேன். அவர் தலையை அசைத்துவிட்டுச் சொன்னார்: "சார், சத்தம் நல்லாக் கேட்குது. பேச்சுதான் புரியலை."

எவ்வளவு சரியான சொற்கள்! சத்தம் வேறு, பேச்சு வேறு. அந்த மண்டபத்தில் என் பேச்சு எங்கே கரைந்து போயிற்று?

எதிரொலியும் எதிர்முழக்கமும்

காற்றில் ஒலியின் வேகம் 0 டிகிரி செல்சியஸில் நொடிக்கு 331 மீட்டர். ஒவ்வொரு டிகிரி கூடும்போதும் ஏறத்தாழ 0.6 மீட்டர் கூடும். மதுரையில் 30 டிகிரி வெயில் என்றால் வேகம் 331 + 18 = 349 மீட்டர்.

மாடத்தின் உச்சி தரையிலிருந்து சுமார் 20 மீட்டர் உயரம் என்று வைத்துக்கொள்வோம். என் வாய் தரையிலிருந்து 1.5 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. குரல் மேலே போய்த் திரும்ப 18.5 × 2 = 37 மீட்டர் பயணம் செய்யவேண்டும். ஆகும் நேரம் 37 ÷ 349 = 0.106 நொடி. இரண்டு ஒலிகளுக்கு இடையே சுமார் 0.1 நொடி இடைவெளி இருந்தால் காது அவற்றைத் தனித்தனியே உணர்ந்துகொள்ளும். அதுதான் எதிரொலி.

ஆனால் மூடிய மண்டபத்தில் ஒலி ஒரு முறை திரும்பியதும் ஓய்ந்து விடுவதில்லை. சுவர், தூண், தரை, மாடம் என்று மாறி மாறி மோதுகிறது. வழவழப்பான சுண்ணாம்புப் பூச்சு, தன்மேல் விழும் ஒலியாற்றலில் நூற்றுக்கு மூன்று பங்கைத்தான் உட்கவர்கிறது. மீதி 97 பங்கைத் திருப்பி அனுப்பிவிடுகிறது. நான் பேசி முடித்த பின்பும் ஒலி மண்டபத்தில் உலவிக்கொண்டே இருக்கிறது. இதற்கு எதிர்முழக்கம் என்று பெயர். ஒலி 60 டெசிபல் குறைய, அதாவது பத்து இலட்சத்தில் ஒரு பங்காக மெலிய ஆகும் நேரமே எதிர்முழக்க நேரம்.

நாம் பேசும்போது ஒரு நொடிக்கு நான்கைந்து அசைகளை உச்சரிக்கிறோம். எதிர்முழக்க நேரம் மூன்று நொடி என்றால், முன்பு சொன்ன பன்னிரண்டு அசைகளின் மிச்சம், இப்போது சொல்லும் அசையின் மேல் படிந்து கிடக்கும். ஈரம் காயாத எழுத்தின்மேல் எழுதிக்கொண்டே போவது போல!

உரத்துப் பேசினால் என்ன ஆகும்? நேராகச் செல்லும் ஒலி இரட்டிப்பானால், சுற்றிவரும் முழக்கமும் இரட்டிப்பாகும். இரண்டின் விகிதம் அப்படியே இருக்கும். தெளிவு ஓர் இம்மியும் கூடாது. காது கேட்கும் கருவியும் இதையேதான் செய்கிறது. அது பேச்சையும் பெருக்குகிறது, முழக்கத்தையும் பெருக்குகிறது. நல்ல செவித்திறன் உள்ளவர் மூளை இரண்டையும் ஓரளவு பிரித்து அறியும். செவித்திறன் குறைந்தவருக்கு அது மிகக் கடினம். நான் குரலை உயர்த்த உயர்த்த அந்த மாணவரின் துன்பத்தைத்தான் கூட்டினேன்.

மெத்தைகளோடு ஓர் ஆராய்ச்சி

இதே தொல்லை 1895-இல் அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் தோன்றியது. புதிதாகக் கட்டிய ஃபாக் கலைக்கூடத்தின் விரிவுரை மண்டபத்தில் யார் பேசினாலும் புரியவில்லை. வாலஸ் சபைன் என்ற இளம் இயற்பியலாளரிடம் இதைத் தீர்க்கும் பொறுப்பு வந்தது. அவரிடம் இருந்தவை ஓர் ஆர்கன் குழல், நேரம் அளக்கும் கடிகை, தம் இரு காதுகள், இவைதாம். சந்தடி அடங்கிய இரவுகளில், பக்கத்து அரங்கின் இருக்கை மெத்தைகளை எடுத்து வந்து பரப்பினார். மெத்தைகள் கூடக் கூட, குழலொலி மறையும் நேரம் குறைந்தது. காலி மண்டபத்தில் அந்த நேரம் ஐந்தரை நொடி!

அவர் கண்ட விதி எளியது:

எதிர்முழக்க நேரம் (நொடி) = 0.161 × அறையின் கன அளவு (கன மீட்டர்) ÷ மொத்த உட்கவர் பரப்பு (சதுர மீட்டர்)

உட்கவர் பரப்பு என்பது என்ன? திறந்த சன்னல் ஒலியை முழுவதும் வெளியே விட்டுவிடும். எனவே ஒரு சதுர மீட்டர் சன்னல் ஒரு சதுர மீட்டருக்குச் சமம். சாந்து பூசிய சுவர் ஒரு சதுர மீட்டர் இருந்தாலும் அது 0.03 சதுர மீட்டர் சன்னலுக்கே சமம்.

உங்கள் வகுப்பறையையே எடுத்துக்கொள்வோம். நீளம் 8 மீட்டர், அகலம் 6, உயரம் 3.5 என்க. கன அளவு 168. சுவர், தரை, கூரை சேர்ந்த பரப்பு 194. இதை 0.03 ஆல் பெருக்கினால் உட்கவர் பரப்பு 5.8. எதிர்முழக்க நேரம் 0.161 × 168 ÷ 5.8 = ஏறத்தாழ 4.7 நொடி.

இப்போது நாற்பது மாணவர்கள் வந்து அமர்கிறார்கள். ஒருவர் உடலும் உடையும் சுமார் 0.4 சதுர மீட்டருக்குச் சமம். மொத்தம் 16 கூடுகிறது, நேரம் 1.2 நொடியாக இறங்குகிறது. சன்னல், கதவுகளில் ஆறு சதுர மீட்டர் திறந்து வைத்தால் ஒரு நொடிக்குச் சற்றுக் கீழே வரும். வகுப்பறைக்கு 0.6 நொடி போதும் என்று பரிந்துரைக்கிறார்கள். அரண்மனை மண்டபத்தில் ஒருவருக்கு நேர்ந்த இடர், உங்கள் வகுப்பறையின் கடைசி வரிசையிலும் ஒருவருக்கு நாள்தோறும் நேர்ந்துகொண்டிருக்கலாம்!

எதிர்முழக்கம் எப்போதும் பகை என்று எண்ணவேண்டாம். நம் ஊர்க் கோயிலில், கருங்கல் மண்டபத்தின் பக்கம் நின்று விடியற்காலையில் நாகசுரம் கேட்டிருக்கிறீர்களா? நீண்ட சுரம் ஒன்றின் மேல் ஒன்றாகப் படியும்போது அந்த முழக்கமே அழகு சேர்க்கிறது. இசைக்கு உகந்த மண்டபம் பேச்சுக்கு உகந்ததாக இருக்கவேண்டும் என்பதில்லை.

முற்றத்தில் ஒரு விடை

மாணவர்களைத் திறந்த முற்றத்துக்கு அழைத்து வந்து, சொன்னதையே மெதுவாக மீண்டும் சொன்னேன். வானம் எந்த ஒலியையும் திருப்பி அனுப்புவதில்லை அல்லவா? அந்த மாணவருக்கும் இப்போது புரிந்தது. ஆனால் அங்கிருந்து மாடத்தின் உட்புறம் தெரியவில்லை. பார்க்கும் இடத்தில் கேட்கவில்லை. கேட்கும் இடத்தில் பார்க்க முடியவில்லை. இரண்டையும் இணைப்பது எப்படி?

1952-இல் பிறந்த இரண்டு கருத்துகள்

பிரான்சு நாட்டில், மன்னர் முதலாம் பிரான்சுவா 1519-இல் கட்டத் தொடங்கிய ஷாம்போர் என்ற மறுமலர்ச்சிக் கால மாளிகை இருக்கிறது. 1952-இல் அங்கே இரவில் வண்ண விளக்குகளைப் பாய்ச்சி, ஒலிபெருக்கிகள் வழியே அதன் வரலாற்றைச் சொல்ல வைத்தார்கள். ஒலி-ஒளிக் காட்சி என்னும் கலை அங்கேதான் தொடங்கியது. திருமலை நாயக்கர் மகாலின் மாலைக் காட்சியும் அந்த வழியில் வந்ததே. மக்கள் திறந்த முற்றத்தில் ஓரிடத்தில் அமர்ந்து கேட்கும் முறை இது.

அதே 1952-இல் ஆம்ஸ்டர்டாம் நகரின் ஸ்டெடெலிக் கலைக்கூடத்தில் வேறொரு வழி கண்டார்கள். அறையைச் சுற்றி ஒரு கம்பிச் சுருள் அமைத்தார்கள். ஒலிநாடாவில் பதிந்த பேச்சை மின்னோட்டமாக்கி அந்தச் சுருளில் செலுத்தினார்கள். பார்வையாளர் கையில் சிறிய ஏற்பி, காதில் ஒலிப்பான். மின்னோட்டம் மாறும்போது காந்தப் புலம் மாறுகிறது. மாறும் காந்தப் புலம் அருகிலுள்ள கடத்தியில் மின்னழுத்தத்தைத் தூண்டுகிறது. 1831-இல் மைக்கேல் ஃபாரடே கண்ட மின்காந்தத் தூண்டல்தான்! பேச்சு காற்றில் ஒலியாகப் பயணம் செய்யாததால் சுவர்களால் அதைக் கெடுக்க முடியவில்லை. ஒரு குறை மட்டும் இருந்தது: எல்லாரும் ஒரே நேரத்தில் ஒன்றையே கேட்டதால், ஒரே நேரத்தில் ஒரே படத்தின் முன் நிற்கவேண்டியிருந்தது. பின்னர் வந்த ஒலிநாடாப் பேழைகள் அவரவர் நடைக்கு ஏற்ப நிறுத்தவும் தொடரவும் வழி செய்தன. இன்று செல்பேசியே போதும்.

செல்பேசி ஒலியை எண்களாகச் சேமிக்கிறது. ஒலியலையை நொடிக்குப் பல முறை அளந்து எழுதிவைப்பதே இதன் சூட்சுமம். பதிய வேண்டிய மிக உயர்ந்த அதிர்வெண்ணைப் போல் இரு மடங்குக்குக் குறையாமல் அளக்கவேண்டும். சாதாரணத் தொலைபேசிப் பேச்சுக்கு நொடிக்கு 8,000 முறை. இசைத் தட்டுக்கு 44,100 முறை. ஓர் அளவுக்கு ஒரு பைட் என்றால், ஒரு நிமிடத் தொலைபேசிப் பேச்சுக்கு 8,000 × 60 = 4,80,000 பைட்.

நாங்கள் செய்த வழிகாட்டி

மறு ஆண்டு புறப்படுவதற்கு முன், மாணவர்களே ஒன்பது சிறு உரைகளை எழுதிப் பதிவு செய்தார்கள். பதிவு செய்யும் அறையில் சுற்றிலும் போர்வைகளைத் தொங்கவிட்டோம். ஏன் தெரியுமா? பதிவிலேயே முழக்கம் கலந்துவிட்டால் பிறகு அதைப் பிரிக்க இயலாது. ஒவ்வோர் உரையும் "இப்போது நீங்கள் நிற்கவேண்டிய இடம்" என்று தொடங்கும். எந்த உரையும் இரண்டு நிமிடத்தைத் தாண்டாது.

அந்த மாணவர் தம் செல்பேசியோடு, கழுத்தில் அணியும் கம்பிச் சுருள் ஒன்றை இணைத்துக்கொண்டார். அவருடைய காது கேட்கும் கருவிக்குள் சிறிய சுருள் ஒன்று உண்டு. கருவியை அந்த நிலைக்கு மாற்றினால், ஒலிவாங்கி ஓய்ந்து, காந்தப் புலத்தை மட்டும் அது வாங்கும். ஆம்ஸ்டர்டாமில் அறையைச் சுற்றி ஓடிய சுருள் இங்கே ஒருவர் கழுத்தில் ஏறிக்கொண்டது! மாடத்தின் கீழே அண்ணாந்து பார்த்தபடி, மூன்றாம் உரையை அவர் இரண்டு முறை கேட்டார். பிறகு மற்றவர்களுக்கு, "செங்கல் ஒன்றையொன்று அழுத்துவதால்தான் மாடம் விழாமல் நிற்கிறது" என்று அவரே விளக்கினார். சென்ற ஆண்டு அவர் தவறவிட்ட பாடம் அது.

நீங்களும் செய்து பாருங்கள்

1. காலியான வகுப்பறையில் ஒரு பலூனை உடையுங்கள். ஒலி முற்றும் மறையும் வரை நேரம் குறியுங்கள். எல்லாரும் அமர்ந்தபின் மீண்டும் செய்யுங்கள். இரண்டும் எவ்வளவு வேறுபடுகின்றன?

2. 10 மீட்டர் நீளம், 6 மீட்டர் அகலம், 4 மீட்டர் உயரம் உள்ள அறை ஒன்று. உட்கவர் எண் 0.03. காலியாக இருக்கும்போது எதிர்முழக்க நேரம் என்ன? ஐம்பது மாணவர் அமர்ந்தால் என்ன? அதை 0.6 நொடியாக்க இன்னும் எத்தனை சதுர மீட்டர் உட்கவர் பரப்பு வேண்டும்?

3. நம் ஊரிலிருந்து ஏறத்தாழ 40 கிலோமீட்டரில் செஞ்சிக் கோட்டை இருக்கிறது. அங்குள்ள கல்யாண மகாலுக்கு இரண்டு நிமிட உரை ஒன்று எழுதிப் பதிவு செய்யுங்கள். கேட்பவர் எங்கே நிற்கவேண்டும், எதைப் பார்க்கவேண்டும் என்பதை முதல் வரியிலேயே சொல்லுங்கள்.

உங்கள் வகுப்பில் யாராவது "புரியலை" என்று சொன்னால், உடனே குரலை உயர்த்திவிடாதீர்கள். சன்னலைத் திறந்து விடுங்கள். அருகில் சென்று, முகம் பார்த்து, மெதுவாகப் பேசுங்கள்.

(இரண்டாம் கணக்கின் விடை: 5.2 நொடி, 1.4 நொடி, ஏறத்தாழ 37 சதுர மீட்டர்.)