ஆறில்லாத ஊரின் பூகோளம்

அன்புள்ள மருமகளுக்கு,

பெரு நாட்டின் அந்தீஸ் மலையில் கெச்சுவா பேசும் சனங்கள் வாழும் மாகாணம் ஒன்றைப் பற்றிப் பள்ளிக்கூடத்தில் படித்ததாக எழுதியிருந்தாய். "எங்கட யாழ்ப்பாணத்தைப் பற்றி அப்படி எழுதச் சொன்னால் மலையுமில்லை, ஆறுமில்லை, என்னத்தை எழுதுறது மாமா?" என்றும் கேட்டிருந்தாய். நல்ல கேள்வி.

அந்த மலைச் சனங்களுக்கு உயரந்தான் எல்லாவற்றையும் தீர்மானிக்கிறது. பள்ளத்தாக்கில் சோளம், அதற்கு மேலே உருளைக்கிழங்கு, ஏறத்தாழ 4,000 மீற்றருக்கு மேலே லாமாவும் அல்பாக்காவும் மேயும் புல்வெளி. ஒரே சமூகம் பல மட்டங்களிலும் காணி வைத்திருக்கும். எங்கள் ஊரில் இதே வேலையைச் செய்வது ஆழம். யாழ்ப்பாணக் குடாநாட்டின் வலிகாமத்தில் ஒரு கிணற்றை எட்டிப் பார்த்தாயானால் பாதிப் பாடம் முடிந்துவிடும்.

குடாநாட்டின் அடியில் கிடப்பது சுண்ணாம்புக்கல். வெடிப்பும் பொந்துமான கல். ஐப்பசி தொடக்கம் மார்கழி வரை வடகீழ்ப் பருவக்காற்று கொட்டும் மழையை அது உறிஞ்சி வைத்துக்கொள்ளும். நாலு பக்கமும் உப்புநீர் ஆனபடியால், பாரம் குறைந்த நன்னீர் உவர்நீருக்கு மேலே மிதந்துகொண்டு நிற்கும். கடல்மட்டத்துக்கு மேலே நன்னீர் ஓரடி நின்றால், கீழே ஏறத்தாழ 40 அடி வரை நன்னீர் இருக்கும் என்பது கணக்கு. மேலே ஓரடி குறைந்தால் கீழிருந்து உப்பு எவ்வளவு ஏறும் என்று நீயே கணக்குப் பார். புத்தூருக்குக் கிட்ட உள்ள நிலாவரைக் கிணற்றில் இதை நேரிலேயே காணலாம்: மேலே நல்ல தண்ணீர், ஆழத்தில் உப்பு. இராமர் அம்பு விட்டுத் திறந்த கிணறு என்று கதை சொல்லுவார்கள். கதையும் நல்ல கதைதான்.

கோண்டாவில், இணுவில், உரும்பிராய்ப் பக்கம் செம்மண்ணும் நன்னீரும் சேர்ந்து கிடைத்ததால் அங்கே தோட்டக்காரர் உருவானார்கள். அவர்களின் புகையிலை ஒருகாலத்தில் திருவிதாங்கூர் வரை போனது. இப்போது வெங்காயமும், அந்தீஸிலிருந்து உலகத்துக்கு வந்த அதே உருளைக்கிழங்கும் விளைகின்றன. மணற்பாங்கான தென்மராட்சிக்குத் தென்னையும் மாவும் பலாவும். வடமராட்சிக் கரைக்குக் கடல். வல்வெட்டித்துறையில் கட்டிய அன்னபூரணி என்ற பாய்க்கப்பல் 1938இல் அமெரிக்காவின் குளோஸ்டர் துறைமுகம் வரை போய்ச் சேர்ந்தது. தீவகத்தில் பல கிணறுகள் உவர். அங்கே சனம் தண்ணீருக்காக நடந்த தூரத்தை நீ அம்மம்மாவிடம் கேள்.

தண்ணீர் இப்படி அருமையானதால் அதற்கு உரிமைகளும் வந்தன. ஒல்லாந்தர் 1707இல் தொகுத்த எங்கள் வழக்காற்றுச் சட்டமான தேசவழமை இன்றும் நடைமுறையில் இருக்கிறது. பழைய காணி உறுதிகளைப் புரட்டினால் காணியோடு கிணற்றுப் பங்கும் வழிவாய்க்காலும் சேர்த்து எழுதியிருப்பதைக் காணலாம். பங்குக் கிணற்றில் யாருக்கு எந்த நாள் இறைப்பு என்று முறை உண்டு. துலா மிதிக்க ஒருவர், அள்ளி ஊற்ற ஒருவர், பாத்திக்குத் தண்ணீர் திருப்ப ஒருவர் என்று நின்ற காலம் அது. பிறகு இறைப்பு மெசின் வந்தது. முதுகு தப்பியது, கிணறு தப்பவில்லை. முன்பு ஆள் களைத்ததும் இறைப்பு நின்றுவிடும், கிணறு ஊறுவதற்கு நேரம் கிடைக்கும்.

ஒன்றை மறைக்கக்கூடாது. கிணற்றில் அள்ளும் உரிமை எல்லாருக்கும் இருக்கவில்லை. சாதியின் பேரால் ஒதுக்கப்பட்டவர்கள், யாராவது அள்ளி ஊற்றும் வரை கிணற்றடியில் காத்து நின்றார்கள். உன் பூகோளப் புத்தகத்தில் இது இராது. கொஞ்சம் வளர்ந்த பிறகு கே. டானியலின் 'தண்ணீர்' நாவலைத் தேடி வாசி.

இன்றைய கவலை வேறு. தோட்டத்துக்குப் போடும் யூரியாவும் மலசலகூடக் குழிகளின் கழிவும் அதே பொந்துக் கல்லின் வழியே கிணற்றுக்கு இறங்குகின்றன. லீற்றருக்கு 50 மில்லிகிராமுக்கு மேல் நைத்திரேற்று குடிநீரில் இருக்கக்கூடாது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் வரம்பு. வலிகாமத்தில் பல கிணறுகள் அதைத் தாண்டிவிட்டன. உப்புப் பிரச்சினைக்கு ஒரு தீர்வாக 1950களில் பொறியியலாளர் ஆறுமுகம் "யாழ்ப்பாணத்துக்கு ஓர் ஆறு" என்று ஒரு திட்டம் போட்டார். வன்னிப் பக்கமிருந்து வரும் கனகராயன் ஆற்று வெள்ளத்தை ஆனையிறவுக் களப்பில் மறித்து, வடமராட்சிக் களப்புக்குத் திருப்பி, உவரை மெல்ல மெல்ல நன்னீராக்குவது அவர் எண்ணம். அது முழுதாக நிறைவேறவில்லை. களப்பு நன்னீரானால் அங்கே இறால் பிடித்துச் சீவிக்கிறவர் என்ன செய்வார் என்ற கேள்வியும் கிடக்கிறது. எனக்கு அந்தத் திட்டத்தில் ஆசை உண்டு. ஆனால் நான் தோட்டக்காரர் வீட்டுப் பிள்ளை, அதையும் சேர்த்தே யோசி.

கட்டுரையைத் தொடங்க ஒரு வழி சொல்கிறேன். தை மாதம் ஒருக்கா, ஆவணியில் ஒருக்கா, அம்மம்மா வீட்டுக் கிணற்றில் கல் கட்டிய கயிறு விட்டு, கிணற்றுக் கட்டிலிருந்து தண்ணீர் மட்டம் எவ்வளவு கீழே என்று அள. இரண்டு தரமும் ஒரு போத்தலில் தண்ணீர் பிடித்துப் பள்ளிக்கூட ஆய்வுகூடத்தில் உப்பளவு பார்க்கச் சொல். கயிறு விடும்போது பெரியாக்கள் ஒருவர் பக்கத்தில் நிற்க வேணும் என்று மாமி சொல்லச் சொன்னா. அளவுகளை எனக்கு எழுது.

அன்புடன்,
மாமா