தவணை ஏறவில்லை, ஆண்டுகள் ஏறின

தாம்பரத்தைத் தாண்டி ஜி.எஸ்.டி. சாலையில் செங்கல்பட்டு நோக்கிப் போகிறவர்கள் கண்ணில் வரிசையாக ஃபிளாட் விளம்பரங்கள் படும். மாதத் தவணை இவ்வளவுதான் என்று கொட்டை எழுத்தில் போட்டிருப்பார்கள். மொத்தமாக எவ்வளவு கட்டி முடிக்க வேண்டியிருக்கும் என்பதைப் போட்ட பலகை ஒன்றுகூட இருக்காது. 2019 நவம்பரில் செங்கல்பட்டு தனி மாவட்டமானது, 2023 டிசம்பர் கடைசியில் கிளாம்பாக்கம் பேருந்து முனையம் திறக்கப்பட்டது. இந்தப் பக்கம் வீடு தேடி வருகிறவர்களும் கூடியிருக்கிறார்கள். வீட்டுக்கடன் பற்றி வந்த கேள்விகளில் ஐந்துக்கு இந்த இதழில் பதில்.

கேள்வி (கேளம்பாக்கம் வாசகி): 2021 ஏப்ரலில் 50 லட்ச ரூபாய்க்கு ஃபிளாட் வாங்கினோம். கடன் 40 லட்சம், 20 வருஷம், வட்டி 6.7 சதவீதம். மாதம் 30,296 ரூபாய் தவணை. நடுவில் எல்லோரும் வட்டி ஏறிவிட்டது என்று புலம்பினார்கள். எங்களுக்குத் தவணை ஒரு ரூபாய்கூட ஏறவில்லை, அதனால் நிம்மதியாக இருந்தோம். நான்கு வருஷம் முடிந்ததும் கணக்கு அறிக்கையை எடுத்துப் பார்த்தால் அசல் இன்னும் 37 லட்சத்து 65 ஆயிரம் நிற்கிறது. இதுவரை பதினான்கரை லட்சம் கட்டியிருக்கிறோம். வங்கி கணக்கைத் தப்பாகப் போட்டுவிட்டதா?

பதில்: வங்கியின் கணக்கு சரிதான். வாசகி வீட்டிலும் வட்டி ஏறியது. அது தவணையில் தெரியாமல் காலத்தில் போய் உட்கார்ந்துகொண்டது.

2020 மே முதல் 2022 மே தொடக்கம் வரை ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் ரெப்போ விகிதம் 4 சதவீதமாக இருந்தது. அந்தச் சமயத்தில் பல வங்கிகள் 7 சதவீதத்துக்கும் குறைவாகவே வீட்டுக்கடன் கொடுத்தன. 2022 மே மாதம் விகிதம் ஏறத் தொடங்கி, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதத்தைத் தொட்டது. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் கொடுத்த மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் வெளி விகிதம் ஒன்றோடு, பெரும்பாலும் இந்த ரெப்போவோடு, கட்டப்பட்டவை. ரெப்போ இரண்டரை சதவீதம் ஏறியபோது வாசகியின் வட்டியும் 6.7-லிருந்து 9.2 ஆனது.

ஒவ்வொரு தவணையிலும் அந்த மாத வட்டியைத்தான் வங்கி முதலில் எடுத்துக்கொள்ளும். மிச்சம்தான் அசலுக்குப் போகும். வாசகியின் முதல் தவணையில் 22,333 ரூபாய் வட்டிக்கும் 7,963 ரூபாய் அசலுக்கும் போனது. வட்டி 9.2 ஆன பிறகு அதே 30,296 ரூபாயில் 29,100 ரூபாய்க்கு மேல் வட்டிக்கே போய்விட்டது. அசலில் கழிந்தது மாதம் 1,200 ரூபாய்கூட இல்லை. வட்டி படிப்படியாக ஏறிய தேதிகளை ஒதுக்கிவிட்டு, முதல் இரண்டு வருஷம் 6.7, அடுத்த இரண்டு வருஷம் 9.2 என்று வைத்துப் பார்த்தால் பின்பாதி இரண்டு வருஷத்தில் வாசகி கட்டியது 7 லட்சத்து 27 ஆயிரம். அதில் அசல் குறைந்தது 31 ஆயிரம்.

அந்த 9.2 சதவீதம் அப்படியே நீடித்திருந்தால் இந்தத் தவணையில் கடன் முடிய 2023-லிருந்து இன்னும் 35 வருஷம், அதாவது 2058 வரை ஆகியிருக்கும். நடைமுறையில் அவ்வளவு தூரம் போக விடமாட்டார்கள். கடன் வாங்கியவர் ஓய்வுபெறும் வயது நெருங்கும் கணக்கு வந்தால் வங்கியே தவணையையும் ஏற்றிவிடும். ஆனால் 20 வருஷக் கடன் சத்தமில்லாமல் 26, 28 வருஷக் கடனாக மாறிய வீடுகள் நாடெங்கும் உண்டு. இதைப் பற்றிப் புகார்கள் குவிந்த பிறகுதான் 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை அனுப்பியது. வட்டி மாறினால் தவணைக்கும் காலத்துக்கும் என்ன ஆகிறது என்று கடன்காரருக்குச் சொல்லியாக வேண்டும். தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று அவரே தேர்ந்தெடுக்க விட வேண்டும். கட்டிய அசல், கட்டிய வட்டி, மீதித் தவணைகளின் எண்ணிக்கை எல்லாம் உள்ள அறிக்கையைக் காலாண்டுக்கு ஒருமுறை தர வேண்டும். கட்டும் தவணை வட்டிக்கே போதாமல் கடன் வளரும் நிலை வரவே கூடாது. பழைய கடன்களுக்கும் இது பொருந்தும்.

இனி செய்ய வேண்டியதைப் பார்ப்போம். 2025 பிப்ரவரியிலிருந்து ரெப்போ இறங்கத் தொடங்கி, டிசம்பரில் 5.25 ஆனது. அந்த இறக்கம் முழுவதும் வந்து சேர்ந்தால் வாசகியின் வட்டி 7.95 ஆகியிருக்கும். அப்போதும் பழைய தவணையிலேயே போனால் மீதி 262 தவணை. முதலில் ஒப்புக்கொண்ட கணக்கில் மீதியிருக்க வேண்டியது 192. கூடுதலாக 70 தவணை, 21 லட்ச ரூபாய்க்கு மேல். தவணையை 34,711 ரூபாயாக, அதாவது மாதம் 4,415 ரூபாய் கூட்டிக் கட்டினால் கடன் பழையபடி 2041-லேயே முடிந்துவிடும். மொத்தத்தில் மிச்சமாவது 12 லட்சத்து 80 ஆயிரத்துக்கு மேல். மாதம் கூட்ட முடியாத வீடுகளில் போனஸோ சீட்டுப் பணமோ வரும்போது அசலில் கட்டலாம். இந்தக் கடனில் இப்போது ஒரு லட்சம் கட்டினால் கடைசியில் 17 தவணை அறுந்து விழும். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக்கடனை முன்கூட்டி அடைக்க வங்கிகள் அபராதம் கேட்கக் கூடாது என்ற விதி 2012 ஜூன் முதல் இருக்கிறது. பணம் கட்டும்போது ‘தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்’ என்று எழுதிக் கொடுப்பது முக்கியம்.

இன்னொன்றையும் பார்க்க வேண்டும். ரெப்போவுக்கு மேல் வங்கி வைக்கும் கூடுதல் விகிதம், ‘ஸ்பிரெட்’ என்பார்கள், பழைய வாடிக்கையாளருக்கு அதிகமாகவும் புதிதாக வருகிறவருக்குக் குறைவாகவும் இருப்பது சாதாரணம். கேட்டால்தான் குறைப்பார்கள். மூன்று வருஷத்துக்கு ஒருமுறைதான் மாற்ற முடியும் என்ற கட்டுப்பாட்டை ரிசர்வ் வங்கி 2025 அக்டோபர் முதல் தளர்த்திவிட்டது. வங்கி விரும்பினால் முன்னதாகவே குறைத்துத் தரலாம். கடன் கொடுத்தது வங்கி இல்லாமல் வீட்டுவசதி நிதி நிறுவனமாக இருந்தால் ரெப்போவோடு கட்ட வேண்டும் என்ற விதி அதற்குப் பொருந்தாது. அங்கே வட்டி ஏறுவது வேகமாகவும் இறங்குவது ஆடி அசைந்தும் நடக்கும்.

கேள்வி (கூடுவாஞ்சேரி வாசகர்): புதிதாகக் கட்டும் அடுக்ககத்தில் 50 லட்ச ரூபாய் வீடு பார்த்திருக்கிறோம். கையில் 10 லட்சம் இருந்தால் போதும், மீதியை வங்கி தரும் என்கிறார் பில்டர். சரியா?

பதில்: 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையான கடனில் வீட்டு மதிப்பில் 80 சதவீதம் வரைதான் வங்கி தரலாம். அந்த அளவில் பில்டர் சொல்வது சரி. ஆனால் பத்திரச் செலவை அந்த மதிப்பில் சேர்க்கக் கூடாது. தமிழ்நாட்டில் 2023 டிசம்பர் முதல் புது ஃபிளாட்டின் முதல் விற்பனைக்கு நிலமும் கட்டடமும் சேர்ந்த மதிப்பில் பதிவு நடக்கிறது. 50 லட்சம் வரை முத்திரைத் தீர்வை 4 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். ஆக 3 லட்சம். 50 லட்சத்தைத் தாண்டினால் முத்திரைத் தீர்வை 5 சதவீதமாகிவிடும். கட்டி முடிக்காத வீடு என்பதால் ஜி.எஸ்.டி. 5 சதவீதம், இரண்டரை லட்சம். விலை 45 லட்சத்துக்குள் இருந்து, பரப்பும் வரம்புக்குள் அடங்கினால் அதுவே 1 சதவீதம்தான். ஐந்து லட்ச ரூபாய் விலை வித்தியாசத்தில் வரி இவ்வளவு மாறுவதால் பேரம் பேச இது நல்ல இடம். பணி நிறைவுச் சான்று வாங்கிய வீடாக இருந்தால் ஜி.எஸ்.டி. கிடையாது.

ஆக கையில் இருக்க வேண்டியது பதினைந்தரை லட்சம். கார் நிறுத்துமிடம், பராமரிப்பு வைப்புத்தொகை, வங்கியின் செயலாக்கக் கட்டணம், வக்கீல் கருத்துரை, கடனுக்காகப் பத்திரங்களை ஒப்படைத்ததற்குச் சார்பதிவாளர் அலுவலகத்தில் செய்யும் எம்.ஓ.டி. பதிவு எல்லாம் இதற்கு மேல். இந்த இடத்தில்தான் பலர் அவசரத்துக்குத் தனிநபர் கடன் எடுக்கிறார்கள். 14 சதவீதத்தில் 5 லட்சம், ஐந்து வருஷம் என்றால் மாதம் 11,634 ரூபாய். வீட்டுத் தவணையோடு இதுவும் சேர்ந்தால் முதல் ஐந்து வருஷம் மூச்சு முட்டும்.

வீடு கைக்கு வரும்வரை, விடுவித்த தொகைக்கு மட்டும் வட்டி கட்டும் ‘ப்ரீ-இ.எம்.ஐ.’ முறையில் அசல் ஒரு பைசா குறையாது. 8.5 சதவீதத்தில் 40 லட்சமும் விடுவித்த பிறகு அது மாதம் 28,333 ரூபாய். குடியிருக்கும் வீட்டு வாடகை வேறு. கட்டுமானம் ஒரு வருஷம் தள்ளிப்போனால் மூன்று லட்சத்து நாற்பதாயிரம் காற்றில் போகும். ஆகவே தமிழ்நாடு ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறை ஆணையத்தில் அந்தத் திட்டம் முடிவதற்குக் கொடுத்திருக்கும் தேதியைப் பார்க்காமல் முன்பணம் கட்ட வேண்டாம். வங்கியிடமும் ஒரு தாளைக் கேட்டு வாங்க வேண்டும். 2024 அக்டோபர் முதல் புதிதாகத் தரும் எந்த வீட்டுக்கடனுக்கும் முக்கிய விவர அறிக்கை தந்தே ஆக வேண்டும். கட்டணங்களையும் சேர்த்த உண்மையான ஆண்டு வட்டி அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட அந்த எண் போதும்.

கேள்வி (மாமல்லபுரம் வாசகர்): கடன் வாங்கியபோது ஒரு லட்சத்துக்கு இன்சூரன்ஸ் போட்டு அதையும் கடனில் சேர்த்தார்கள். புயலில் மாடிக் கூரை போனபோது கேட்டால், அது இதற்கு இல்லை என்றார்கள்.

பதில்: 2022 டிசம்பர் 9 இரவு மாண்டஸ் புயல் மாமல்லபுரத்துக்கு அருகேதான் கரை கடந்தது. கடனோடு சேர்த்துத் தரப்படும் காப்பீடு பெரும்பாலும் கடன் வாங்கியவரின் உயிருக்கு. அவர் இறந்தால் மீதிக் கடனை அது அடைக்கும். சுவருக்கும் கூரைக்கும் அதில் எதுவும் இல்லை. அந்த ஒரு லட்சமும் கடனாகிவிட்டதால் 8.5 சதவீதத்தில் 20 வருஷத்தில் 2 லட்சத்து 8 ஆயிரமாகத் திரும்பக் கட்ட வேண்டியிருக்கும். குறிப்பிட்ட நிறுவனத்தில்தான் காப்பீடு எடுக்க வேண்டும் என்று யாரும் கட்டாயப்படுத்த முடியாது. வருஷா வருஷம் பிரீமியம் கட்டும் சாதாரண டேர்ம் பாலிசியைத் தனியாக எடுப்பது மேல். வீட்டுக்கு ‘பாரத் கிருஹ ரக்ஷா’ என்ற பொதுவான பாலிசியை 2021 ஏப்ரல் முதல் பொதுக்காப்பீட்டு நிறுவனங்கள் விற்கின்றன. புயல், வெள்ளம், சுனாமி எல்லாம் அதில் அடங்கும். 2004-ஐப் பார்த்த கரையில் அந்தப் பாலிசி இல்லாமல் இருப்பது வீண் துணிச்சல்.

கூரையைத் திரும்பப் போடுவதற்குமுன் ஒரு வார்த்தை. பாதுகாக்கப்பட்ட நினைவுச்சின்னத்திலிருந்து 100 மீட்டருக்குள் புதுக் கட்டடம் கூடாது. அடுத்த 200 மீட்டருக்குள் அனுமதி வேண்டும். அனுமதியில்லாத மாடியை வங்கி மதிப்பில் சேர்க்காது.

கேள்வி (கல்பாக்கம் வாசகர்): மத்திய அரசு ஊழியன். அலுவலகத்தில் வீடு கட்ட முன்பணம் 25 லட்சம் கிடைக்கும். வங்கிக் கடன் லேசாகக் கிடைக்கிறது. எது லாபம்?

பதில்: தகுதி இருந்தால் சந்தேகமே வேண்டாம், அலுவலக முன்பணம்தான். 2017 விதிகளின்படி அது தனி வட்டி. முதலில் அசலை 180 தவணைகளில் பிடித்து, அதற்குப் பிறகு சேர்ந்த வட்டியை 60 தவணைகளில் பிடிப்பார்கள். இரண்டு பக்கமும் 7.5 சதவீதம் என்றே வைத்துப் பார்க்கலாம். வங்கியில் 20 வருஷத்துக்கு மாதம் 20,140 ரூபாய், மொத்த வட்டி 23 லட்சத்து 30 ஆயிரம். அலுவலகத்தில் முதல் 15 வருஷம் மாதம் 13,889, கடைசி ஐந்து வருஷம் சுமார் 23,570. மொத்த வட்டி 14 லட்சத்து 14 ஆயிரம்தான். 25 லட்சம் போதாவிட்டால் மீதிக்கு மட்டும் வங்கிக்குப் போகலாம். முன்பணக் கோப்பு நகர நாளாகும் என்பது உண்மை. ஒன்பது லட்சத்துக்காகக் காத்திருக்கலாம்.

கேள்வி (மறைமலை நகர் வாசகர்): வரிச்சலுகை போய்விடும், கடனை முன்கூட்டி அடைக்காதே என்கிறார் நண்பர். இன்னும் 3 லட்சம்தான் பாக்கி. அடைத்தால் வேறு ஏதாவது செய்ய வேண்டுமா?

பதில்: சொந்தக் குடியிருப்புக்கான கடன் வட்டிக்குப் புதிய வரிமுறையில் கழிவே இல்லை. பழைய முறையில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை உண்டு. உச்ச அடுக்கான 30 சதவீதத்தில் இருப்பவருக்கும் 2 லட்ச ரூபாய் வட்டி கட்டினால் வரியில் மிச்சமாவது 62,400 ரூபாய். மீதி வங்கிக்குத்தான். பாக்கி 3 லட்சம் என்றால் வட்டியே 2 லட்சம் வராது. தாராளமாக அடைத்துவிடலாம்.

அடைத்த பிறகு தாய்ப் பத்திரம் உள்பட எல்லா மூலப் பத்திரங்களையும் 30 நாளில் வங்கி திருப்பித் தர வேண்டும். வங்கியின் தாமதத்தால் அதைத் தாண்டினால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. 2023 டிசம்பர் 1 முதல் இது நடைமுறையில் இருக்கிறது. எம்.ஓ.டி. பதிவான அதே சார்பதிவாளர் அலுவலகத்தில் கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தையும் பதிவு செய்ய வேண்டும். அதைச் செய்யாவிட்டால் வில்லங்கச் சான்றில் வங்கியின் பெயர் அப்படியே நிற்கும், வீட்டை விற்கப் போகும் நாளில்தான் தெரியவரும். பதிவு முடிந்ததும் புது வில்லங்கச் சான்று ஒன்று போட்டுப் பார்த்துவிடுங்கள்.