மிளகரசியின் மீது வீழ்ந்த பழி

கொல்லிமலை என்றவுடன் நம் நினைவுக்கு வருவன இரண்டு. ஒன்று கொல்லிப்பாவை. சங்கப் புலவர்கள் தலைவியின் எழிலுக்கு உவமையாக எடுத்தாண்ட அப்பாவையைப் பிற்காலக் கதைகள், நகைத்து மயக்கி உயிர் கவரும் கொடியவளாக மாற்றிவிட்டன. மற்றொன்று, அம்மலையின் காப்பித் தோட்டங்களில் மரந்தோறும் படர்ந்திருக்கும் மிளகுக்கொடி. இவ்விரண்டையும் ஒருங்கே நினைப்பிப்பது, மேலைக் கடற்கரையில் ஆண்ட சமண அரசி சென்னபைராதேவியின் வரலாறு. மிளகால் புகழ் பெற்ற அவ்வரசியும் பாவையைப் போலவே கதையால் பழிக்கப்பட்டார்.

அரசியின் ஆட்சி

இன்றைய கர்நாடக மாநிலத்தின் வடகன்னட மாவட்டத்தில், சராவதி ஆற்றங்கரையில் உள்ளது கெருசொப்பா. சாளுவ மரபில் தோன்றிய சென்னபைராதேவி, அதனைத் தலைநகராகக் கொண்டு 1552 முதல் 1606 வரை 54 ஆண்டுகள் ஆண்டார். அவர் நாட்டு மிளகு கடல் கடந்து சென்றது. போர்ச்சுகீசியர் அவரை ‘மிளகரசி’ என்றே அழைத்தனர். 1565இல் தலைக்கோட்டைப் போரில் விசயநகரம் வீழ்ந்தது. மேலரசின் துணை தளர்ந்த பின்னும், கடற்புறத்தில் போர்ச்சுகீசியரையும் உள்நாட்டில் கெளதி நாயக்கரையும் எதிர்கொண்டு மேலும் 41 ஆண்டுகள் அவர் நாட்டைக் காத்தார். அந்நகரின் பெருமைக்குச் சான்றாக, நாற்றிசை நோக்கிய ஜினபிம்பங்களையுடைய சதுர்முக பஸதி இன்றும் காட்டினிடையே நிற்கின்றது.

1606இல் கெளதி வேங்கடப்ப நாயக்கர் கெருசொப்பாவை வென்றார். அரசி சிறைப்பட்டு, சிறையிலேயே காலமானார் என்பர்.

பழி பிறந்த விதம்

1623இல் பியெத்ரோ தெல்லா வல்லே என்னும் இத்தாலியப் பயணி அவ்வழியே சென்றார். கெருசொப்பாவின் கடைசி அரசி, தாழ்ந்த நிலையினனான ஓர் அயலான்மீது காதல் கொண்டு, தன்னையும் நாட்டையும் அவனிடம் ஒப்படைத்து அழிவைத் தேடிக்கொண்டாள் என்று அவர் எழுதி வைத்தார். இக்கூற்றை நாம் ஆராய்ந்து பார்த்தல் வேண்டும்.

முதலாவது, அரசி வீழ்ந்து 17 ஆண்டுகள் கழிந்த பின் செவிவழியாகக் கேட்ட செய்தி இது. இரண்டாவது, அப்பயணி போர்ச்சுகீசியத் தூதருடன் சென்றுகொண்டிருந்தது, அரசியை வென்ற அதே வேங்கடப்ப நாயக்கரின் அவைக்கு. மூன்றாவது, இளமையிலேயே அரியணை ஏறியிருப்பினும், 1606இல் அரசி முதுமை எய்தியிருப்பார். அரை நூற்றாண்டுக்கு மேல் எவருக்கும் விட்டுக்கொடாமல் நாட்டைக் காத்தவர், அதனை ஓர் அயலானிடம் எளிதில் ஒப்படைத்தார் என்பது பொருந்துமா? வேற்றரசனின் மிளகாசையும் படைவலியுமே தோல்விக்குப் போதிய காரணங்கள். ஆண் மன்னன் தோற்றால் படையைக் குறை கூறும் உலகம், பெண்ணரசி தோற்றால் ஒழுக்கத்தைக் குறை கூறுகின்றது.

நாம் கற்கும் பாடம்

சமந்தபத்திராசாரியர் தம் இரத்தினகரண்டக சிராவகாசாரத்தில், வாய்மை அணுவிரதத்தின் ஐந்து அதிசாரங்களுள் பரிவாதத்தையும் பைசுன்யத்தையும் வைத்தார். பழித்துரைத்தலும் புறங்கூறுதலும் விரதத்தை மாசுபடுத்துவன. பொய்யைப் புதிதாகப் புனைபவர் சிலரே. கேட்டதை ஆராயாது மறுபடி சொல்பவரே பலர். நானூறு ஆண்டுகள் ஒரு பழி நிலைப்பது இப்பலராலேயே. ஆகவே, இல்லத்திலாயினும் ஊரவையிலாயினும் ஒரு பெண்ணைப் பற்றிய பழிச்சொல் நம் செவிக்கு எட்டும்போது, ‘சொன்னவர் யார்? எப்போது? யாருக்கு நன்மையாக?’ என்று வினவி, விடை கிடைக்கும் வரை நா காப்போமாக.