அனிமேட்டராக விரும்பும் பிள்ளைகளுக்கு

வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் ஏ/எல் முடித்த பிள்ளைகள், "அங்கிள், திரைப்படங்களில் கதாபாத்திரங்களை அசைக்கிற வேலைக்கு எந்த மென்பொருள் படிக்க வேணும்?" என்று கேட்கிறார்கள். மென்பொருளைப் பிறகு பார்ப்போம்.

1. முதலில் எடை. பந்து துள்ளுவதை அனிமேட் செய்து பழகியதும் புறக்கோட்டைக் குறுக்குத் தெருக்களுக்குப் போங்கள். சீனி மூட்டை சுமக்கும் நாட்டாமைமாரைப் பாருங்கள். மூட்டை முதுகில் விழுமுன்னரே முழங்கால் மடிகிறது. சுமையோடு நடக்கையில் அடி குறுகி வேகம் கூடுகிறது. கைவண்டியை நிறுத்த வேண்டிய இடத்துக்கு நன்றாக முன்னரே உடல் பின்னால் சாய்கிறது. வெறுங்கையோடு திரும்பி வரும் அதே மனிதரின் தோள் வேறு தோள். இதையெல்லாம் படம்பிடித்து, ஒவ்வொரு பிரேமாக நிறுத்திப் பாருங்கள். அவர்களிடம் கேட்டுவிட்டு எடுங்கள். கேட்காமல் எடுத்தால் ஏச்சு விழும், அது நியாயமும்கூட. ஆடிவேல் தேர் வரும்போது வடம் பிடிப்பவர்களின் குதிகாலைக் கவனியுங்கள். இந்தப் பாடத்துக்குக் கட்டணம் கிடையாது.

2. அடுத்தது கண். மனிதர் திரும்பும்போது பெரும்பாலும் கண்தான் முதலில் போகும். பின்னால் தலை, அதன் பின் உடல். 2014இல் வந்த 'கோச்சடையான்' நடிகரின் அசைவைக் கருவிகளால் பதிவுசெய்து எடுத்த படம். உடல் அசைந்தது, பார்வையில் உயிர் வரவில்லை என்பது என் தீர்ப்பு. இயந்திரம் அசைவைத் தரும். அந்த ஆள் என்ன நினைக்கிறார் என்பதை அனிமேட்டர்தான் வைக்க வேண்டும்.

3. ஒரு செக்கனுக்கு 24 பிரேம். முழுநீளப் படத்தில் ஒருவர் வாரம் முழுக்க உழைத்தாலும் மூன்று, நான்கு செக்கன்தான் தேறும். அதையும் இயக்குநர் மாற்றச் சொல்லலாம். அரைகுறையாக இருக்கும்போதே காட்டுங்கள். மெருகேற்றிய பிறகு திருத்துவது நரகம்.

4. இந்த நாட்டில் இந்த வேலைக்கு இடம் குறைவு. கமிலஸ் பெரேராவின் சித்திரக்கதை நாயகன் 'கஜமேன்' 2023இல் திரைக்கு வந்தபோதுதான் இலங்கைக்கு முதலாவது முழுநீள முப்பரிமாண அனிமேஷன் படம் கிடைத்தது. இங்கே பெரும்பாலும் விளம்பரமும் வெளிநாட்டு வேலையும்தான். திரைப்படம்தான் வேண்டும் என்றால் மும்பாய், வன்கூவர், லண்டன் என்று புறப்பட நேரலாம்.

போனாலும் நிரந்தரம் என்று நம்பவேண்டாம். 'லைஃப் ஒஃப் பை' படத்தின் புலியை உருவாக்கிய ரிதம் அண்ட் ஹியூஸ் நிறுவனம் 2013 பெப்ரவரியில் வங்குரோத்து மனுப் போட்டது. அதே மாதம் அந்தப் புலிக்கு ஒஸ்கார் கிடைத்தது. மேடையில் நிறுவனத்தின் நெருக்கடியைப் பற்றிப் பேசத் தொடங்கியவரை இசை போட்டு இறக்கினார்கள். 2025இல் டெக்னிகலர் நிறுவனம் சரிந்தபோது பெங்களூரில் ஆயிரக்கணக்கானோர் திடீரென்று தெருவுக்கு வந்தார்கள். படம் முடிந்தால் பல இடங்களில் ஒப்பந்தமும் முடியும். ஆறு மாதச் செலவுக்குக் காசு ஒதுக்கிவிட்டுத்தான் புதுப் போன் வாங்குங்கள். விசா யார் பெயரில், வேலை போனால் எத்தனை நாள் தங்கலாம் என்பதைக் கையெழுத்துப் போடுமுன் கேளுங்கள்.

5. அம்மா அப்பாவிடம் சம்பளத்தைப் பெருக்கிச் சொல்ல வேண்டாம்.

6. இனி மென்பொருள். பெரிய ஸ்டூடியோக்கள் அதிகம் கேட்பது மாயா. காசில்லாவிட்டால் பிளெண்டரில் தொடங்குங்கள், அது இலவசம். கொழும்பு மாவட்டத்தைவிடச் சனத்தொகை குறைந்த லத்வியாவில் இருந்து வந்த, பிளெண்டரில் செய்த 'ஃப்ளோ' 2025இல் சிறந்த அனிமேஷன் படத்துக்கான ஒஸ்காரை வென்றது. அதில் ஒரு வரி வசனம் இல்லை. பூனையும் நாயும் உடலால் மட்டும் நடிக்கின்றன. இரண்டு முறை பாருங்கள்.

7. வேலைக்கு அனுப்பும் ரீல் ஒரு நிமிடத்தைத் தாண்டக் கூடாது. சிறந்த ஷொட் முதலில் வரட்டும். கூட்டு வேலையானால் உங்கள் பங்கு எது என்று எழுதுங்கள். பொய் ஒரே தொலைபேசி அழைப்பில் வெளிவரும். பலவீனமான ஷொட்டைத் தூக்கிவிடுங்கள். நல்லது மூன்றுதான் மிஞ்சுகிறதா? அந்த மூன்றையும் அனுப்புங்கள்.